குருணை போன தூரம்

குருணையை யாரும் விதைப்பதில்லை. விதைப்பது நெல், எதிர்பார்ப்பது அரிசி. குருணை இடையில் நேர்ந்துவிடுவது. முற்றிய கதிர் அறுவடைக்கு ஆள் கிடைக்காமல் வயலில் நிற்கும். பகல் வெயிலில் காயும், இரவுப் பனியைக் குடிக்கும். சில நாளில் மணிக்குள் மயிரிழைக் கீறல் விழும். உமிக்குள் இருக்கும்வரை அது யார் கண்ணிலும் படாது. ஆலையில் உமி கழன்று தவிடு தீட்டும்போது கீறல் வழியே மணி இரண்டாகும், மூன்றாகும். புழுங்கல் நெல் வெந்து இறுகியிருப்பதால் அவ்வளவு உடையாது. பச்சரிசியாக அரைத்தால் குருணை கூடும். சல்லடைக்கு மேலே நிற்பது மூட்டைக்குப் போகும். கீழே விழுவது கோழிக்கு, மாட்டுக்கு, காய்ச்சலில் கிடப்பவருக்கு நொய்க் கஞ்சிக்கு. அவசரத்துக்கு ஒரு உப்புமா. நம்மிடம் அதன் கதை அதோடு சரி.

மேற்கு ஆப்பிரிக்காவில், அட்லாண்டிக் கரையில் இருக்கும் செனகலில் இதே குருணைதான் நாட்டின் மதியச் சாப்பாடு. மக்கள்தொகை சுமார் 1.8 கோடி. ஆண்டுக்கு 10 லட்சம் டன்னுக்கு மேல் அரிசி கப்பலில் வந்து இறங்குகிறது. அதில் பெரும்பங்கு குருணை. முழு அரிசி வாங்க வழியில்லாமல் அதைத் தின்கிறார்கள் என்று நினைத்தால் தப்பு. தலைநகர் டக்காரில் நீளமான முழு அரிசியைக் கொடுத்தால், ‘இதை வைத்து என்ன சமைக்க?’ என்று கேட்கும் வீடுகள்தான் அதிகம். ஓர் ஊரின் கழிவு இன்னோர் ஊரின் ருசி ஆன இந்த வழியில் முதலில் குறுக்கிடுவது அரிசி அல்ல, நிலக்கடலை.

1840களில் செனகலிலிருந்து நிலக்கடலை பிரான்ஸுக்குக் கப்பலேறத் தொடங்கியது. மார்செய் நகரத்துச் சோப்பு ஆலைகளுக்கு எண்ணெய் வேண்டும். போர்தோ வணிகர்களுக்குச் சரக்கு வேண்டும். 1885இல் டக்காருக்கும் பழைய தலைநகர் சென் லூயிக்கும் நடுவே ரயில் ஓடியது. தண்டவாளம் போன பக்கமெல்லாம் கடலைக் கொல்லை ஆனது. அதுவரை அந்த மணல் நிலத்தில் விளைந்தது கம்பு, சோளம். கம்புக்குப் பிறந்த வீடே அந்தப் பக்கம்தான். சகாராவின் தென்விளிம்பில் பயிராகத் திருந்தி, ஏறக்குறைய 4,000 ஆண்டுகளுக்கு முன் இந்தியாவுக்கு வந்த தானியம் அது. நம் கம்பங்கூழுக்கு மூலம் அங்கே. அவர்கள் மதியச் சோற்றுக்கு மூலம் இங்கே. தானியங்கள் இப்படிக் கொண்டான் கொடுத்தான் உறவு வைத்திருப்பதை அவற்றைத் தின்கிறவர்கள் அறிவதில்லை.

கொல்லை கடலைக்குப் போனபின் குதிரில் கம்பு குறைந்தது. அறுவடைக்கு முந்தைய மழை மாதங்களில் வீடு வெறுமையாகும். அப்போது கடலை வியாபாரி கடனாகத் தானியம் கொடுப்பான், அறுவடையில் கடலையாக வசூலிப்பான். கடனுக்குக் கொடுக்கும் பொருள் மலிவாக இருந்தால்தான் அவனுக்குக் கட்டும். மலிவுச் சரக்கு பிரெஞ்சுப் பேரரசின் மறுகோடியில் கிடந்தது. இன்றைய வியட்நாமில், மீகாங் கழிமுகத்து நெல் சைகோன் துறைமுகத்தில் குவிந்தது. நல்ல முழு அரிசிக்கு வேறு சந்தைகள் இருந்தன. ஆலையில் மிஞ்சிய நொறுங்கலை ஐரோப்பாவில் மாவுப்பசைக்கும் பீருக்கும் கால்நடைக்கும் வாங்குவார்கள். அதைச் செனகலுக்குத் திருப்பிவிட்டால் கடலைக் கொல்லைக்காரனின் வயிறும் நிரம்பும், கப்பலுக்கும் சரக்கு ஆகும். முதல் குருணை மூட்டை டக்கார் பக்கம் போனது இந்தக் கணக்கில்தான். யாருடைய நாக்கையும் யாரும் கேட்கவில்லை.

இதற்கும் முன்பே நம் பக்கத்துச் சரக்கு ஒன்று அந்தக் கரையில் இறங்கியிருக்கிறது. புதுச்சேரியில் நெய்து அவுரி நீலத்தில் தோய்த்த ‘கினே’ துணி. செனகல் ஆற்றங்கரையில் கருவேலம் பிசினுக்கு மாற்றாக அதைத்தான் கேட்பார்கள். ஒரு காலத்தில் அங்கே அது நாணயம் போலவே புழங்கியது. புதுச்சேரி, சைகோன், சென் லூயி மூன்றையும் ஒரே பேரேட்டில் எழுதிய வணிகர்களுக்குத் துணி போன தடத்தில் அரிசி போனது பெரிய காரியமாகத் தோன்றியிருக்காது.

சைகோனிலும் குருணை சும்மா இருக்கவில்லை. கூலிக்காரர் தின்ற உடைந்த அரிசிச் சோறு அங்கே ‘கோம் தாம்’ என்று பெயர் பெற்று, சுட்ட பன்றி இறைச்சியோடு இன்று நகரத்தின் பெருமையாக உட்கார்ந்திருக்கிறது. செனகலில் அது போய்ச் சேர்ந்தது மீனிடம்.

சென் லூயி, செனகல் ஆறு கடலில் கலக்கும் இடத்தில் தீவாகக் கிடக்கும் ஊர். அங்கே பெந்தா ம்பாய் என்ற சமையற்காரி முதன்முதலில் செய்ததாகச் சொல்லப்படும் பதார்த்தம் ‘செபு ஜென்’. வோலோஃப் மொழியில் ‘செப்’ என்றால் அரிசி, ‘ஜென்’ என்றால் மீன். மீனைக் கீறி உள்ளே பச்சிலை, பூண்டு, மிளகாய் விழுது அடைப்பார்கள். எண்ணெயில் பொரித்து, தக்காளி விழுது, கருவாடு, புளிக்கவைத்த கடல் நத்தை, கத்தரிக்காய், மரவள்ளி, முட்டைக்கோஸ் எல்லாம் போட்டுக் குழம்பு கொதிக்கும். புளியும் உண்டு. புளிக்கு வோலோஃபில் ‘டகார்’ என்று பெயர். தலைநகரின் பெயரே அதிலிருந்து வந்தது என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள்.

அடுத்த வேலையில்தான் குருணையின் யோகம் இருக்கிறது. கழுவிய குருணையைத் துளைப் பாத்திரத்தில் வைத்துக் குழம்பின் ஆவியிலேயே அரைவேக்காடாக வேகவைப்பார்கள். காயும் மீனும் எடுத்தபின் மிஞ்சிய சாற்றில் அதைக் கொட்டி மூடுவார்கள். உடைந்த மணிக்கு உடைந்த பக்கமெல்லாம் வாய். சாற்றை அது குடிக்கும் வேகத்தில் முழு அரிசி குடிக்காது. சிவந்து, உதிர்ந்து, அதே நேரம் விரலில் உருட்டினால் கூடிவரும் பதம். அடியில் பிடித்த காந்தலைச் சுரண்டித் தனியாக வைப்பார்கள். அதற்கு வீட்டில் போட்டி. பெரிய வட்டத் தட்டைச் சுற்றி எல்லோரும் உட்கார, நடுவிலிருக்கும் மீனைப் பிய்த்து அவரவர் பக்கம் தள்ளிவிடுவது வீட்டுப் பெண்மணியின் கை. 2021 டிசம்பரில் யுனெஸ்கோ இந்தச் சமையலை மானுடப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. கடன் கணக்கில் வந்த சரக்கு மரபாகிவிட்டது.

செனகலுக்கு அரிசியே தெரியாது என்றும் சொல்லிவிட முடியாது. தெற்கே காசமான்ஸில் ஜோலா மக்கள் பல நூறு ஆண்டுகளாக உப்பங்கழியை வரப்புக் கட்டி மறித்து நெல் விளைவித்தவர்கள். நைஜர் ஆற்றுப் பக்கம் தனியாகப் பயிர்ப்படுத்தப்பட்ட ஆப்பிரிக்க நெல் அது. நம் நெல்லுக்கு ஒன்றுவிட்ட உறவு. நீண்ட மரப்பிடித் துடுப்பு மண்வெட்டியால் ஆண்கள் மண்ணைப் புரட்ட, நாற்று நடுவது பெண்கள். ஆனால் அந்த நெல் ஜோலா வீட்டுக் குதிருக்கானது, சடங்குக்கானது. டக்கார் சந்தைக்கு அது வரவில்லை.

டக்காருக்கு வந்தது ஜனம். 1970களின் வறட்சியில் கடலைக் கொல்லைகள் காய்ந்தபின் வந்த கூட்டம் பெரிது. ஊரில் கம்புச் சோறு என்றால் அதற்குப் பின்னால் ஒரு பகல் இருந்தது: உரலில் இடிப்பது, புடைப்பது, மறுபடி இடிப்பது, மாவை நீர் தெளித்துச் சிறு மணிகளாக உருட்டுவது, ஆவியில் வைப்பது. நம் புட்டுக்கு உறவான அந்தச் ‘சேரே’ இன்றும் பல வீடுகளில் ராத்திரிச் சாப்பாடு. ஆனால் நகரத்தில் கூலி வேலைக்கோ சந்தைக்கோ போய்வரும் பெண் மதியத்துக்குள் அதைச் செய்து முடிக்க மாட்டாள். உரலுக்கு இடமில்லாத வாடகை அறை, விலைக்கு வாங்கும் விறகு, மதியம் வீட்டுக்கு வராமல் தெருக்கடையில் சாப்பிடும் ஆண்கள் என்று எல்லாமே குருணையின் பக்கம் சாய்ந்தன. அதே மேற்கு ஆப்பிரிக்காவில், புர்கினா ஃபாசோ நாட்டு வாகடூகு நகரத்தில் 1980களில் பொருளியலாளர் தாமஸ் ரியர்டனும் கூட்டாளிகளும் வீடுவீடாகக் கணக்கெடுத்தபோது தெரிந்ததும் இதுதான்: அரிசி பணக்காரர் தின்பண்டம் அல்ல, ஏழைகளும் அதே ஈடுபாட்டோடு வாங்குகிறார்கள், விலை மட்டும் அதைத் தீர்மானிப்பதில்லை.

திட்டம் போடுகிறவர்களுக்கு இது புரிய நாளானது. வெளிநாட்டுத் தானியத்தின் விலையை ஏற்றினால் மக்கள் கம்புக்குத் திரும்புவார்கள் என்று நம்பினார்கள். டக்காரின் உணவுத் தொழில்நுட்ப நிறுவனம் கோதுமையில் கம்பு மாவு கலந்து ‘பாமிப்ளே’ என்று ஒரு ரொட்டியே செய்துபார்த்தது. நல்ல யோசனை, பேக்கரிக்காரர்கள் சீண்டவில்லை. 1994 ஜனவரியில் செனகலின் நாணயமான சி.எஃப்.ஏ. பிராங்கின் மதிப்பு ஒரே நாளில் பாதியானது. இறக்குமதிச் சரக்கு எல்லாம் எகிறியது. ஜனங்கள் கறியைக் குறைத்தார்கள், மீனைச் சிறிதாக்கினார்கள், குருணையை விடவில்லை. அதுவரை அரசு ஏகபோகமாக இறக்கிக்கொண்டிருந்த அரிசி அடுத்த இரண்டொரு ஆண்டில் தனியார் கைக்குப் போனது. சைகோனின் இடத்தில் தாய்லாந்து வந்தது. சந்தையில் ‘ஏ ஒன் சூப்பர்’ என்ற ரகப் பெயர் நின்றது. நூற்றுக்கு நூறு குருணை என்பதே ஒரு தரம்! அதிலும் மல்லிகை மணக்கும் குருணை ஒரு படி மேல், மணக்காதது ஒரு படி கீழ்.

பிறகு இந்தியா. 2011இல் பாஸ்மதி அல்லாத அரிசிக்கு ஏற்றுமதித் தடை விலகியதும் நம் ஆலைக் குருணை அந்தச் சந்தையில் நுழைந்தது. விலை மலிவு, சரக்குக்குக் குறைவில்லை. டக்கார் தெருமுனை மளிகைக்கடையில் கிலோக் கணக்கில் அளந்து விற்கும் குருணை, கோதாவரிக் கரையில் உடைந்த மணியாக இருக்கச் சாத்தியம் அதிகம்.

இங்கேதான் விதைக்கப்படாத தானியத்தை நம்பியதன் சிக்கல் வெளியே வருகிறது. குருணைக்கென்று விவசாயி இல்லை. விலை ஏறினால் அடுத்த பட்டத்தில் அதிகம் விளைவிக்க ஆளில்லை. அது பிறந்த நாட்டில் அதற்கு மரியாதை இல்லாதவரைதான் வெளியூருக்கு மலிவாகக் கிடைக்கும். 2022இல் அந்த மரியாதை திடீரென்று வந்தது. சீனா கால்நடைத் தீவனத்துக்கு இந்தியக் குருணையை அள்ளிக்கொண்டிருந்தது. பெட்ரோலில் கலக்கும் எத்தனாலுக்கு இங்கே வடிப்பாலைகள் கேட்டன. கோழிப் பண்ணைக்காரர்கள் தீவனம் கட்டுப்படியாகவில்லை என்று முறையிட்டார்கள். கிலோ 16 ரூபாயில் இருந்த குருணை 22 ரூபாயைத் தொட்டது. 2022 செப்டம்பர் 9 முதல் குருணை ஏற்றுமதிக்குத் தடை. கோழிக்கும் காருக்கும் டக்காரின் மதியச் சாப்பாட்டுக்கும் நடந்த போட்டியில் டக்காருக்கு வாக்கில்லை.

செனகல் அரசு தில்லியிடம் கேட்டு, செனகல், காம்பியா போன்ற சில நாடுகளுக்கு மட்டும் அரசு வழியாக இத்தனை டன் என்று அளந்து அனுமதி வாங்கியது. மற்றதற்குத் தாய்லாந்து, பாகிஸ்தான் என்று வணிகர்கள் அலைந்தார்கள். தடை விலக 2025 மார்ச் ஆயிற்று.

இப்படிக் கதவு சாத்தப்படும்போதெல்லாம் டக்கார் திரும்பிப் பார்ப்பது வடக்கே, செனகல் ஆற்றங்கரையை. 2008இல் உலகச் சந்தையில் தாய்லாந்து அரிசி டன் 1,000 டாலரைத் தாண்டியபோதும் அப்படித்தான்; அதிபர் வாத் பெரிய விவசாயத் திட்டம் ஒன்றை அறிவித்தார். அடுத்து வந்த மக்கி சால் 2017க்குள் அரிசித் தன்னிறைவு என்று தேதியே குறித்தார். தேதி போனது, கப்பல்கள் வந்துகொண்டுதான் இருந்தன.

தண்ணீர் இல்லாமல் அல்ல. 1986இல் டியாமா அணை கடல் உப்பைத் தடுத்தது; 1988இல் மாலி நாட்டில் மனந்தாலி அணை ஆண்டு முழுக்க நீர் தந்தது. பாசன நெல் நன்றாகவே விளைந்தது. தோற்றது ஆலையில். சின்னச் சின்ன ஆலைகளிலிருந்து வந்த மூட்டையில் முழு அரிசி, முக்கால், அரை, பொடி எல்லாம் கலந்து கிடக்கும், கூடவே கல். டக்கார் சமையற்காரிக்கு இது ஆகாது. அளவு மாறினால் ஆவியில் ஒன்று வேகும், ஒன்று வேகாது. சாற்றின் கணக்கு தப்பும். மூட்டைக்குள் கைவிட்டு ஒரு பிடி அள்ளிப் பார்த்துவிட்டுத் தாய்லாந்துக் குருணையையே கேட்பாள். சொந்த மண்ணின் அரிசியை வாங்குங்கள் என்று அவளிடம் வானொலியில் வேண்டிப் பயனில்லை. அவள் கேட்டது தேசபக்தி அல்ல, சீரான சல்லடை.

அதை அந்தக் கரை மெல்லக் கற்றுக்கொண்டது. ரிஷார் டோல் பக்கத்துப் புதிய ஆலைகளில் கல் பொறுக்கும் இயந்திரமும் தரம் பிரிக்கும் சல்லடைகளும் வந்திருக்கின்றன. மணக்கும் நெல் ரகங்களும் வயலுக்கு வந்துவிட்டன. ஆனால் அரிசி ஆலை இயந்திரம் உலகில் எங்கே செய்தாலும் ஒரே நோக்கத்தோடு செய்யப்படுவது: மணி உடையக் கூடாது. நல்ல இயந்திரம் வைத்தால் முழு அரிசி கூடும், குருணை குறையும். அந்த ஆலைக்காரர் சல்லடைக்கு மேலே நிற்கும் நீள மணியை விற்க ஆள் தேடுகிறார். கீழே விழுவதற்கு டக்காரிலிருந்து லாரி வந்து காத்திருக்கிறது.