கேலாங் அறையில் ருத்ரா

கேலாங்கில் நான் வாடகைக்கு இருந்த அறைக்குக் கீழே டுரியான் கடை. நடுராத்திரி வரை கூச்சல் ஓயாது. ஒருநாள் அதற்கும் மேலே கேட்கட்டும் என்று அறைத்தோழன் ஒரு சிடியைப் போட்டான். ருத்ரா, முதல் ஆல்பம், 1998. "யாருன்னு நெனச்ச? நம்ம சிங்கப்பூர் பசங்கதான்டா."

1992இல் தொடங்கி, நடுவில் கலைந்து, மறுபடி சேர்ந்த குழு. கதிர் பாஸ் கிட்டார் வாசித்துக்கொண்டே உறுமுகிறார். ஆங்கில வரிகள், ஊடே சமஸ்கிருதம். தமிழ் எங்கே? எனக்கு அதுதான் உறுத்தியது.

பிறகு இந்த இசைக்கு 'வேதிக் மெட்டல்' என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. வெளியூர் ரசிகர்களுக்கு வசதியான பெயர். ஆனால் இங்கே வளர்ந்த தமிழ்ப் பையன்கள் டெத் மெட்டலுக்குள் ஏன் வேதாந்தத்தைக் கொண்டுவந்தார்கள் என்ற கேள்வியை அது மூடிவிடுகிறது. இசை ஆய்வாளர் யூஜின் தைரியநாதன் அந்த இசையை சிங்கப்பூர்த் தென்னிந்தியர்களின் அடையாளச் சிக்கலோடு சேர்த்துப் படித்தார். கட்டுரை வந்தது 2009இல். ஆல்பம் வந்து 11 வருடம் கழித்து!

நான் மொழியைப் பார்த்ததுமே "இது நம்மது இல்ல" என்று ஒதுக்கியவன். கோயிலில் ஸ்ரீருத்ரத்தை ஒரு வார்த்தை புரியாமல் கேட்டு வளர்ந்தவனும் நானேதான். அன்று அந்த உறுமலும் புரியவில்லை. ஆனாலும் இரண்டாம் முறை போடச் சொன்னேன். கீழேயிருந்து டுரியான்காரர் கத்தினார்: "டூ லவுட்லா!"