மிஸ்ரு மேடையின் முதற் குரல்

மிஸ்ரு நாட்டு இசை என்றதும் உம்மு குல்தூம் அம்மையாரின் பெயரே நம் நினைவுக்கு வருகிறது. 1975 பிப்ரவரி 3ஆம் நாள் அவர் காலமானபோது கெய்ரோ வீதிகளில் மக்கள் வெள்ளமெனத் திரண்டனர். அதற்குப் பத்தாண்டுகள் முன்பு, 1965இல், அந்நாட்டில் மற்றொரு பாடகி மறைந்தார். ஒரு காலத்தில் 'சுல்தானத்துத் தரப்', அதாவது இசையின்பத்தின் பேரரசி, என்று கொண்டாடப் பெற்றவர் அவர். முனீரா அல்மஹ்திய்யா என்பது அவர் பெயர். உம்மு குல்தூம் நடந்த பாதையில் முட்களை முதலில் மிதித்தவர் இவரே எனலாம். ஆயினும் இன்று இவரை நினைப்போர் சிலரே. இவருடைய வரலாற்றைச் சற்றே நோக்குவோம்.

அரபு நாடகம் மிஸ்ரில் 1870ஆம் ஆண்டளவில் யஅகூப் ஸனூஃ என்பவரின் முயற்சியால் வேரூன்றியது. பின்னர் ஷாம் நாட்டிலிருந்து வந்த குழுவினர் அதனை வளர்த்தனர். வசனத்தைக் காட்டிலும் பாட்டே மக்களை அரங்கிற்கு ஈர்த்தது. அப்பாட்டுக்கு உயர்வு தந்தவர் ஷைகு ஸலாமா ஹிஜாஸி (1852-1917). இஸ்கந்தரிய்யா நகரில் பிறந்த இவர், இளமையில் திருக்குர்ஆன் ஓதுபவராகவும் பாங்கு சொல்லும் மோதினாராகவும் இருந்தவர். கிராஅத்தினால் பண்பட்ட குரல் நாடக மேடைக்கு வந்து சேர்ந்தது. ஒலிபெருக்கி இல்லாத அக்காலத்தில், மினாராவிலிருந்து ஊருக்கு எட்டிய குரலுக்கு அரங்கின் கடைசி வரிசை தொலைவாகத் தோன்றியிராது.

ஆடவர் நிலை இதுவாக, பெண்டிர் நிலை வேறாக இருந்தது. மேடையில் தோன்றிய பெண்கள் பெரும்பாலும் கிறித்தவரும் யூதருமே ஆவர். முஸ்லிம் பெண்கள் பாடாமல் இல்லை. மணவீடுகளில் பெண்கள் கூட்டத்தின் நடுவே பாடினர். சிலர் காபிக் கடைகளிலும் பாடினர். ஆனால் வேடம் புனைந்து, பலர் முன்னிலையில் நடிப்பதைச் சமுதாயம் ஏற்கவில்லை.

ஷர்கிய்யா மாகாணத்தில் பிறந்து வளர்ந்த ஸகிய்யா ஹஸன் மன்ஸூர் என்னும் பெண், பாட்டையே நம்பிக் கெய்ரோவுக்கு வந்தார். கேளிக்கைக் கூடங்கள் நிறைந்த அஸ்பக்கிய்யா பகுதியில் முனீரா என்ற பெயரில் பாடத் தொடங்கினார். கிராமபோன் தட்டுகள் அவர் குரலைத் தொலைதூரத்து ஊர்களுக்கும் கொண்டு சென்றன. பின்னாளில் 'நுஸ்ஹத்துன் நுஃபூஸ்' என்ற பெயரில் அவருக்கென ஒரு கூடமே நடைபெற்றது. பொருளும் புகழும் வந்து குவிந்தன. மதிப்பு மட்டும் வரவில்லை. கூடத்துப் பாடகி எத்துணைப் பெரும் பொருள் ஈட்டினும் கூடத்துப் பாடகியே!

இந்நிலையில்தான் 1915ஆம் ஆண்டு வந்தது. ஸலாமா ஹிஜாஸியை 1909இல் பக்கவாதம் தாக்கியிருந்தது. அவருடைய நாடகப் பாடல்களின் மீது மக்கள் கொண்டிருந்த மோகமோ குறையவில்லை. அஸீஸ் ஈத் என்ற நாடகக் கலைஞரின் குழுவோடு முனீரா மேடையேறினார். அவர் ஏற்றது பெண் வேடமன்று. ஹிஜாஸி பாடிப் புகழ்பெற்ற ஆண் வேடமே அது. மோதினாராக வாழ்வைத் தொடங்கியவரின் பாடல்களை, ஆணுடை தரித்த ஒரு பெண் அரங்கு நிறைந்த மக்கள் முன் பாடினார். மேடையில் நடித்த முதல் எகிப்திய முஸ்லிம் பெண் என்று வரலாற்றாசிரியர்கள் அவரைக் குறிப்பிடுவர்.

இது தகுமா, தகாதா என்று மார்க்கத் தீர்ப்புக் கூறுவது நம் நோக்கமன்று. அதுபற்றி அக்காலத்திலேயே கருத்து வேறுபாடுகள் இருந்தன. ஒரு பெண் அதற்குக் கொடுத்த விலை என்ன என்பதையே நாம் எண்ணிப் பார்க்கிறோம்.

விரைவிலேயே அவர் தமக்கெனக் குழு அமைத்து, அதன் தலைவியாகவும் விளங்கினார். ஐரோப்பிய இசை நாடகமான 'கார்மென்' அரபு வடிவம் பெற்று, காமில் அல்குலஈயின் இசையமைப்பில் அவரது மேடையில் அரங்கேறியது. 1919இல் ஸஅத் ஸக்லூல் நாடு கடத்தப்பட்டு, ஆங்கிலேயருக்கு எதிராக மிஸ்ரு கொந்தளித்தபோது, விடுதலைக் காற்று முனீராவின் அரங்கில் வீசுகிறது என்று பேசப்பட்டது. எந்தப் பெண்ணைப் பெரிய மனிதர்கள் தம் வீட்டுப் பெண்களின் வரிசையில் வைத்து எண்ணமாட்டார்களோ, அந்தப் பெண்ணின் அரங்கில் அவர்கள் நாட்டு விடுதலையைக் கேட்டு மகிழ்ந்தனர்!

1923இல் மறைந்த இசைமேதை ஸய்யித் தர்வேஷ், 'கிளியோபாத்ராவும் மார்க் அந்தோனியும்' என்ற நாடகத்திற்கான இசையை முடிக்காமல் விட்டுச் சென்றார். அதனை நிறைவு செய்யும் பணியை முனீரா ஓர் இளைஞரிடம் ஒப்படைத்தார். முஹம்மது அப்துல் வஹ்ஹாப் என்ற அவ்விளைஞரே அந்தோனியாகவும் நடித்தார். 1927இல் அது மேடையேறிற்று. கிளியோபாத்ரா முனீராவே. ஆனால் அக்கூட்டு நிலைக்கவில்லை. அப்துல் வஹ்ஹாபோ அரபுலகின் தலைசிறந்த இசையமைப்பாளர்களுள் ஒருவராக உயர்ந்தார்.

இதற்கிடையே கெய்ரோவில் மற்றொரு குரல் எழுந்தது. சிற்றூர்ப் பள்ளிவாசல் இமாம் ஒருவரின் மகள் அவர். மௌலிதுகளிலும் மண வைபவங்களிலும் தந்தையோடு சேர்ந்து மார்க்கப் பாடல்கள் பாடியவர். பெண் பாடினால் ஊர் பழிக்குமே என்று தந்தையால் ஆண்பிள்ளை உடை அணிவிக்கப் பெற்றவர். அவரே உம்மு குல்தூம். 1926இல் ஒரு நாடக இதழ் அவரது கற்பைப் பழித்து எழுதிற்று. மனமொடிந்த தந்தை, மகளை ஊருக்கே அழைத்துச் செல்லத் துணிந்தார். நலம் நாடுவோர் தடுத்தனர். அவ்விதழின் ஆசிரியரோ முனீராவின் அபிமானி! முதற் பாடகி பட்ட அதே பழி, அடுத்தவர்மீது அவரது ஆதரவாளரின் பேனாவிலிருந்தே பாய்ந்தது. போட்டியில் இறங்கிய கலையுலகம் தன் காயங்களையும் மறந்துவிடுகிறது.

காலமும் மாறியது. 1934இல் மிஸ்ரு வானொலி தொடங்கியது. பேசும் படமும் பரவியது. பெரிய அரங்கை நிறைக்கும் ஓங்கிய குரலுக்குப் பதிலாக, ஒலிவாங்கி முன் நுணுக்கமாக ஒலிக்கும் குரலை மக்கள் விரும்பினர். 1935இல் 'அல்கந்தூரா' என்ற படத்தில் முனீரா நடித்தார். மேடையில் பெற்ற வெற்றி திரையில் கிட்டவில்லை. 1948இல் மீண்டும் மேடையேறியும் பழைய நாள்கள் திரும்பவில்லை.

முனீரா ஆணுடை தரித்தது மேடையில் இடம் பெறுவதற்காக. உம்மு குல்தூம் தரித்தது மானம் காப்பதற்காக. காரணங்கள் இரண்டு, அச்சம் ஒன்றே. உம்மு குல்தூம் அவ்வுடையைக் களைந்து, பெண்ணாகவே நின்று பாடியபோது நாடே எழுந்து நின்று வணங்கியது. அந்த மதிப்பைத் தேடியே முனீரா பாடினார். அவருக்கு அது முழுமையாகக் கிட்டவில்லை. கீறல் விழுந்த பழைய தட்டுகளில் அவர் குரல் இன்றும் எஞ்சியிருக்கிறது. உம்மு குல்தூமின் பாடலைக் கேட்டு உருகும் நாம், அவருக்கு முன்பு பாடிய அந்தக் குரலையும் ஒரு கணம் நினைத்தல் நன்று.