மகத் சத்தியாகிரகம்: தீர்மானத்தில் இருந்த உரிமையைக் குளத்தில் நிலைநாட்டிய நாள்

மும்பை: பொதுக் குளத்தில் நீர் அருந்தும் உரிமைக்காக டாக்டர் அம்பேத்கர் தலைமையில் நடைபெற்ற மகத் சத்தியாகிரகம் ஆண்டுதோறும் மார்ச் 20-ஆம் தேதி நினைவுகூரப்படுகிறது. அதன் நூற்றாண்டு நாள் 2027 மார்ச் 20 ஆகும்.

பின்னணி

அரசு நிதியில் பராமரிக்கப்படும் நீர்நிலைகள், பள்ளிகள் உள்ளிட்டவற்றைத் தீண்டப்படாதோர் எனப்பட்ட மக்களுக்கும் திறந்துவிட வேண்டும் என்று, எஸ்.கே.போலே கொண்டுவந்த தீர்மானத்தை மும்பை சட்டமன்றம் 1923-இல் நிறைவேற்றியது. அதையொட்டி, கொங்கணப் பகுதியில் உள்ள மகத் நகராட்சி 1924-இல் சவுதார் குளத்தை அனைவருக்கும் உரியதாக அறிவித்தது. ஆயினும், ஆதிக்க சாதியினரின் எதிர்ப்புக்கு அஞ்சி அம்மக்கள் எவரும் குளத்தை நெருங்க இயலவில்லை.

குளத்தை நோக்கி...

1927 மார்ச் 19, 20 தேதிகளில் மகத்தில் மாநாடு நடைபெற்றது. இரண்டாம் நாள் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் அணிவகுத்துச் சென்று குளத்து நீரை அருந்தினர். அடுத்து அவர்கள் வீரேசுவரர் கோயிலுக்குள் நுழையப் போவதாக வதந்தி பரவ, திரும்பிக்கொண்டிருந்த மக்கள் தாக்கப்பட்டனர். பின்னர் பசுஞ்சாணம், கோமியம், பால், தயிர் ஆகியவற்றை ஊற்றிக் குளத்துக்குத் 'தீட்டு' கழிக்கப்பட்டது. நகராட்சியும் தன் முடிவைத் திரும்பப் பெற்றது.

டிசம்பரில் இரண்டாம் மாநாடு கூடுவதற்கு முன்பே குளத்தை அணுக நீதிமன்றம் தடை விதித்ததால், நீர் எடுக்கும் திட்டம் ஒத்திவைக்கப்பட்டது. எனினும், டிசம்பர் 25 அன்று அம்மாநாட்டில் மனுஸ்மிருதி எரிக்கப்பட்டது.

பத்தாண்டு வழக்கு

தொன்றுதொட்டு நிலவும் வழக்கம் என்ற எதிர்த்தரப்பின் வாதம் நிரூபிக்கப்படவில்லை என்று 1937 மார்ச் 17 அன்று மும்பை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அருந்திய நீருக்குச் சட்டத்தின் ஒப்புதல் கிடைக்க ஏறத்தாழப் பத்து ஆண்டுகள் ஆயின.

நீடிக்கும் தாக்கம்

1950-இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 15-ஆவது பிரிவு கிணறு, குளம், படித்துறை ஆகியவற்றைப் பயன்படுத்துவதில் சாதிப் பாகுபாட்டைத் தடுக்கிறது. 17-ஆவது பிரிவு தீண்டாமையை ஒழிக்கிறது. அவ்வரைவுக் குழுவின் தலைவராக இருந்தவரும் அம்பேத்கரே.

திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்து தாராவியின் தோல் பதனிடும் தொழிலில் உழைத்த ஒடுக்கப்பட்ட தமிழ் மக்களுக்கு, ஊர்க் கிணறு மறுக்கப்படுவது கேட்டறிந்த கதையன்று. மாட்டுங்காவை அடுத்த தாதர் இந்து காலனியில் அம்பேத்கர் வாழ்ந்த ராஜகிருகமும், தாதர் கடற்கரையில் அவரது உடல் எரியூட்டப்பட்ட சைத்யபூமியும் இன்றும் அவர் நினைவைத் தாங்கி நிற்கின்றன.

தீர்மானம் மட்டுமே உரிமையைத் தந்துவிடாது. அதை நடைமுறைப்படுத்த மக்கள் துணிந்து முன்வர வேண்டும் என்பதே மகத் விட்டுச் சென்ற பாடமாகும்.