ஆசிரியப் பதவியும் ஊதிய உரிமையும்: இரு வழக்குகள்

ஆங்கிலேயக் கடற்படைத் தளமாக விளங்கிய திருகோணமலைத் துறைமுகம் 1957 இல் இலங்கை அரசின் வசமாயிற்று. சில ஆண்டுகளில் அந்நகரின் பாடசாலைகளும் கைமாறின. 1960 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கச் சட்டமும் 1961 ஆம் ஆண்டின் 8 ஆம் இலக்கச் சட்டமும் உதவி நன்கொடை பெறும் பாடசாலைகளை அரசின்கீழ்க் கொணர்ந்தன. இராமகிருஷ்ண சங்கத்தின் முகாமையில் இருந்த திருகோணமலை இந்துக் கல்லூரியும் அவ்வழியே அரச பாடசாலையாயிற்று. முகாமையாளரிடம் நியமனம் பெற்ற ஆசிரியர் அரச ஊழியராயினர். எனினும், அரச ஊழியன் தன் சம்பளத்துக்காக அரசின்மீதே வழக்காடலாமா என்பது அன்று தீராத வினாவாகவே இருந்தது.

பல்கலைக்கழக ஆசிரியர் நிலையும் உறுதியானதன்று என்பதை அதே 1961 இல் எழுந்த ஒரு வழக்கு காட்டிற்று. வித்தியோதயப் பல்கலைக்கழகப் பேரவை, பொருளியல், வணிக நிருவாகத் துறையின் தலைவராகிய லைனஸ் சில்வாவைப் பதவிநீக்கியது. தம்மீது சாட்டப்பட்டது யாது என்று அவருக்கு அறிவிக்கப்படவில்லை. அவர் தரப்பும் கேட்கப்படவில்லை. உயர் நீதிமன்றம் எழுத்தாணை வழங்கி அம்முடிவை நீக்கியது. ஆயின் 1964 இல் இலண்டன் கோமறைக் கழகம் அத்தீர்ப்பை மாற்றியது. சட்டத்தால் அமைந்த பல்கலைக்கழகமாயினும், அதற்கும் ஆசிரியருக்கும் உள்ள தொடர்பு எசமான், ஊழியன் என்ற தொடர்பே. ஆதலின் எழுத்தாணை செல்லாது என்பது அதன் முடிபு. பதவியை இழந்தவர் நட்டஈடு கோரலாம், பதவியைக் கோரவியலாது என்பதே இதன் பொருள். கற்பித்தலைக் கூலி வேலையோடு ஒருங்கு வைத்தெண்ணிய இம்முடிபு ஏற்கத்தக்கதன்று. 1971 இல் ஸ்கொத்லாந்துப் பாடசாலை ஆசிரியர் மலொக்கின் வழக்கை விசாரித்த பிரபுக்கள் சபை, அவரை விசாரியாது விலக்கியது செல்லாதென்றது. வித்தியோதயத் தீர்ப்பைத் தாம் பின்பற்றவியலாதென வில்பர்போர்ஸ் பிரபு அவ்வழக்கில் வெளிப்படையாகவே உரைத்தார். இலங்கையில் 1978 ஆம் ஆண்டின் 16 ஆம் இலக்கப் பல்கலைக்கழகச் சட்டம் பல்கலைக்கழகச் சேவைகள் மேன்முறையீட்டுச் சபையை நிறுவியது. 2001 இல் அமைந்த திருகோணமலை வளாகத்தின் விரிவுரையாளர்க்கும் அவ்வாயில் உரியது.

சம்பள வழக்கு வேறொரு திசையிலிருந்து வந்தது. 1961 இன் முற்பகுதியில் திருகோணமலைக் கச்சேரி வாயிலில் தமிழர் சத்தியாக்கிரகம் இருந்தனர். ஏப்பிரலில் அவசரகால நிலை பிரகடனமாக அது ஒடுக்கப்பட்டது. அவ்வாண்டு டிசம்பரில் திறைசேரி வெளியிட்ட சுற்றறிக்கை, சிங்களத் தேர்ச்சி பெறாத அரச ஊழியரின் சம்பள ஏற்றத்தை நிறுத்த வழிசெய்தது. எழுதுவினைஞராகிய செல்லையா கோடீஸ்வரன் அப்பரீட்சைக்குத் தோற்ற மறுத்தார். 1962 இல் அவரது ஏற்றம் நிறுத்தப்பட்டது. அவர் வழக்குத் தொடுத்தார்.

கேட்டது சிறு தொகை. வினாவியதோ, 1956 ஆம் ஆண்டின் அரசகரும மொழிச் சட்டம் அரசியலமைப்பின் 29(2) ஆம் பிரிவுக்கு மாறானதா என்பது. மாறானதே என்று கொழும்பு மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெற்சர் 1964 இல் தீர்ப்பளித்தார். 1967 இல் உயர் நீதிமன்றம் மொழி வினாவைத் தொடவில்லை. அரச ஊழியன் சம்பளத்துக்காக முடியின்மீது வழக்காடவே இயலாதென்று கூறி வழக்கைத் தள்ளியது. இத்தீர்ப்பு நிலைத்திருப்பின், திருகோணமலையில் அரச ஊழியராகிவிட்ட ஆசிரியர் ஒவ்வொருவரும் நிலுவைக்கு நீதிமன்றம் ஏறும் வழியின்றி நின்றிருப்பர்.

1969 டிசம்பரில் கோமறைக் கழகம் அதனை நீக்கியது. டிப்லொக் பிரபுவின் தீர்ப்பு ஆங்கில மரபை விடுத்து, இலங்கையில் ஊன்றிய உரோமன் டச்சுச் சட்டத்தை ஆராய்ந்தது. உழைத்த ஊதியத்தைக் கோரி வழக்காடும் உரிமை அரச ஊழியனுக்கு உண்டென்றது. ஒல்லாந்தர் 1795 இல் திருகோணமலைக் கோட்டையை விட்டு நீங்கினர். அவர்தம் சட்டம் நீங்கவில்லை போலும்!

மொழிச்சட்டம் செல்லுமா என்ற வினாவைக் கோமறைக் கழகம் தான் தீர்க்காது, உயர் நீதிமன்றத்துக்கே திருப்பியனுப்பியது. 1971 இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது; 1972 இன் குடியரசு யாப்பில் 29 ஆம் பிரிவே இல்லாது போயிற்று. திருப்பியனுப்பப்பட்ட வினா இறுதிவரை தீர்ப்புக்கு வரவில்லை.