மெழுகுவர்த்திச் சீட்டுக்கு ஓர் உரை

கண்ணாடிக் குவளையில் வரும் மெழுகுவர்த்தியின் அடியில் ஒரு சீட்டு ஒட்டியிருக்கும். கட்டளைகள் உண்டு, காரணம் இராது. ஏற்றிய பிறகு கவிழ்த்துப் பார்க்கவும் முடியாது.

“ஏற்றுமுன் திரியைக் கால் அங்குலத்துக்கு நறுக்கவும்.”

ஒளி தருவது திரி அல்ல. உருகித் திரிவழியே ஏறி ஆவியாகும் மெழுகு. 1860–61 கிறிஸ்துமஸ் காலத்தில் லண்டன் ராயல் இன்ஸ்டிட்யூஷனில் மைக்கேல் ஃபாரடே சிறுவர்களுக்கு இதைச் செய்தே காட்டினார். அணைத்த கையோடு எழும் வெண்புகையில் நெருப்பைக் காட்டினால், அது புகைவழியே இறங்கித் திரியைப் பற்றும். திரி நீண்டால் ஆவி மிகும். அத்தனைக்கும் ஆக்சிஜன் போதாது. எரியாத கரிதான் குவளை விளிம்பைக் கறுப்பாக்குகிறது. அகல்விளக்கில் திரியைத் தூண்டிவிட்டே பழகிய கைக்கு இது தலைகீழ்ப் பாடம். நுனியில் கரிமொட்டு கட்டியிருந்தால் ஆறியபின் கிள்ளி வெளியே போடுங்கள். மெழுகில் விழுந்த துணுக்கு இன்னொரு திரியாகப் பற்றிக்கொள்ளும்.

“முதல்முறை மேற்பரப்பு முழுதும் உருகட்டும், நான்கு மணி நேரத்துக்கு மேல் எரிக்க வேண்டாம்.”

விட்டத்தில் அங்குலத்துக்கு ஒரு மணி நேரம் என்பது கைக்கணக்கு. மூன்று அங்குலக் குவளையை அரைமணியில் அணைத்தால் நடுவில் குழி விழும். அடுத்தமுறையும் சுடர் அந்தக் குழிக்குள்ளேயே இறங்கும். ஓரத்து மெழுகு வீண். நான்கு மணி நேரம் கடந்தால் திரியில் கரி கட்டும், கண்ணாடியும் சூடேறும்.

“காற்று படும் இடத்தில் வைக்காதீர்கள்.”

மின்விசிறியை நிறுத்துங்கள் என்று பொருள்.

“அரை அங்குலம் மிஞ்சும்போது நிறுத்தவும்.”

இங்கே சிக்கனம் பார்க்கக் கூடாது. மெழுகு தீர்ந்தால் சூடு நேராக அடிக்கண்ணாடியில் இறங்கும், குவளை விரியலாம். மெழுகே தீப்பற்றிவிட்டால் தண்ணீர் மட்டும் வேண்டாம். அது அடியில் இறங்கிக் கொதித்து, எரியும் மெழுகை மேலே வாரியடிக்கும். முடிந்தால் தட்டையான உலோக மூடியால் மூடி அணையுங்கள்.

சீட்டில் இல்லாத வரி ஒன்று உண்டு. வீட்டில் வார்ப்பவர்களுக்கு அதுதான் முக்கியம். சோயா மெழுகு இறுகிவிட்டது என்பதற்காக ஆயத்தமாகிவிட்டது என்று நினைக்காதீர்கள். வாசனைத் தைலம் கலந்து வார்த்ததை மூடி, வெயில் படாமல் ஒன்றிரண்டு வாரம் வைப்பது வழக்கம்; பாரஃபினுக்குச் சில நாள் போதும். சோயா மெல்ல மெல்லத்தான் கெட்டிப்படும். மறுநாளே ஏற்றிப் பார்த்துத் திரியின் பருமனை முடிவுசெய்தால், இரண்டு வாரம் கழித்து அதே திரி அதே மெழுகை உருக்கத் திணறும். இடையில் மேலே வெண்மை பூத்தால் பதற வேண்டாம். சோயாவின் இயல்பு அது.