அறபாத்தின் நாய்: வெளியேற்றம் திரைக்கு வந்த விதம்

1990 ஒக்டோபரில் புலிகள் வடமாகாண முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். ஏறத்தாழ எழுபத்தையாயிரம் பேர். யாழ்ப்பாண நகரில் கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டு மணித்தியாலம். முல்லைத்தீவு, கிளிநொச்சி முஸ்லிம்களும் அதே மாதத்தில் ஊரை விட்டார்கள். வன்னியிலிருந்து பலர் வவுனியா வழியாகவே தெற்கே போனார்கள். இழந்த காணி, வீடு, கடை, நகை பற்றிய பட்டியல்கள் நம்மிடம் உண்டு. பட்டியலில் எழுத முடியாத இழப்பை எப்படிச் சொல்வது? அந்தக் கேள்வியோடுதான் பிரசன்ன விதானகேயின் 'இர மதியம' (2003) படத்தை நான் பார்க்கிறேன்.

படத்தில் மூன்று கதைகள். போரில் காணாமற்போன விமானியான கணவனைத் தேடும் சமரி. விபசார விடுதிக்குப் போய் அங்கே சொந்தத் தங்கையையே காணும் சிப்பாய் துமிந்த. வெளியேற்றப்படும் முஸ்லிம் கிராமத்துச் சிறுவன் அறபாத். அவனுக்குப் பதினொரு வயது. தன் நாயை விட்டுப்போக அவனுக்கு மனமில்லை. மூன்றையும் இயக்குநர் ஒரே முடிச்சில் கொண்டுவந்து கட்டவில்லை. பக்கத்தில் பக்கத்தில் வைத்து மாறி மாறிக் காட்டுகிறார். இதனால் முஸ்லிம்களின் துயரம் பெரிய போரின் அடிக்குறிப்பாகச் சுருங்காமல் மற்ற இரண்டுக்கும் சமமாக நிற்கிறது.

இது அவருடைய பழைய வழி. 'புரஹந்த களுவர'வில் (1997) சிப்பாய் மகன் இறந்துவிட்டான் என்பதை நம்பாத பார்வையற்ற தகப்பன், முத்திரையிட்ட சவப்பெட்டியைத் தோண்டித் திறக்கிறார். போரைப் பற்றிய பிரசங்கம் இல்லை. ஒரு பெட்டி, ஒரு கிழவன். 2000இல் அரசாங்கம் அதைத் திரையிட விடவில்லை. உயர் நீதிமன்றம் போய்த்தான் வழி பிறந்தது.

முல்லைத்தீவைச் சேர்ந்த ஒரு காக்காவிடம் அறபாத்தின் கதையைச் சொன்னேன். "எங்கட வீட்டுல ஆரு தம்பி நாய் வளத்தது? சிங்கள ஆளுக்கு எங்கட சங்கதி விளங்கேல்ல" என்றார். ஷாஃபிஈ மத்ஹபில் நாய் கடுமையான நஜீஸ் என்பது உண்மை. ஆனால் வேட்டைக்கும், மந்தைக்கும், பயிர்க் காவலுக்கும் நாய் வைத்திருக்க ஹதீஸில் அனுமதி உண்டு. அதை எடுத்துச் சொன்னதும் காக்கா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "வயலுக்கு ஒண்டு நிண்டதுதான். நாங்க வெளிக்கிடேக்க பின்னால ஓடி வந்தது" என்றார். பதின்மூன்று வருடப் பழக்கத்தில் அவர் அதை என்னிடம் சொன்னது அன்றுதான்.

வரலாறு எழுதுகிறவர் ஒன்றைக் கவனிக்கவேண்டும். படம் தொண்ணூறுகளின் நடுப்பகுதியில் நடக்கிறது. வெளியேற்றம் நடந்தது 1990இல். ஆகவே திகதிக்கு இந்தப் படத்தை ஆதாரமாக்க முடியாது. அதை அறிக்கைகளிலும் அகதிகளின் வாய்மொழியிலும் தேடவேண்டும். படம் தருவது வேறொன்று: எதைக் கேட்கவேண்டும் என்ற பாடம். "எத்தனை ஏக்கர் போனது?" என்று கேட்ட நாம், "எது பின்னால வந்தது?" என்று கேட்கவில்லை.

சூரத்துல் கஹ்ஃபிலே ஊரை விட்டு ஒதுங்கிய இளைஞர்களின் எண்ணிக்கை பற்றிப் பேசும் இடத்தில் அவர்களின் நாயும் சேர்த்தே சொல்லப்படுகிறது. அன்று வெளிக்கிட்ட பெரியவர்கள் ஒவ்வொருவராக மவுத்தாகிறார்கள். அவர்களிடம் இதையும் கேட்டு எழுதிவைக்க நமக்கு அதிக காலம் இல்லை.