உயிரோடு திரும்பியவளின் சாட்சியம்

புயல் வீசும் இரவு. மின்சாரம் அற்றுப்போன ஒரு கடலோர வீடு. வழியில் கார் டயர் பஞ்சராகித் தவித்த கணவனை ஓர் அந்நியர் தன் வண்டியில் ஏற்றி வந்து விடுகிறார். இருளில் நின்றபடி மனைவி அந்த மனிதரின் குரலைக் கேட்கிறாள். அந்த முகத்தை அவள் ஒருபோதும் பார்த்ததில்லை. பல ஆண்டுகளுக்கு முன் கடத்திச் செல்லப்பட்டு, சிறைவைக்கப்பட்டு, வன்புணர்வுக்கு ஆளான நாட்களில் அவளுடைய கண்கள் கட்டப்பட்டிருந்தன. குரலும், சிரிப்பும், உடலின் வாசனையும், அப்போது ஒலித்த ஷூபர்ட்டின் இசையும் மட்டுமே அவளிடம் எஞ்சியவை. விடிவதற்குள் அந்த மனிதர் அவளது வரவேற்பறையில் ஒரு நாற்காலியில் கட்டிவைக்கப்பட்டிருக்கிறார்.

ரோமன் பொலான்ஸ்கி 1994இல் இயக்கிய 'டெத் அண்ட் த மெய்டன்' இவ்வாறு தொடங்குகிறது. சிகர்னி வீவர், பென் கிங்ஸ்லி, ஸ்டூவர்ட் வில்சன் ஆகிய மூவரே ஏறத்தாழ முழுப் படத்தையும் தாங்குகிறார்கள். இதை ஓர் உளவியல் திகில் படமாகப் பார்ப்பவருக்கு எழும் கேள்வி ஒன்றுதான்: இவர்தானா அவர்? ஆனால் படத்தின் வேர் வேறொரு கேள்வியில் இருக்கிறது என்றே எனக்குத் தோன்றுகிறது. பவுலீனா ஏன் தன் வீட்டையே நீதிமன்றமாக்க வேண்டியிருந்தது?

படத்தில் நாட்டின் பெயர் சொல்லப்படுவதில்லை. ஆயினும் மூலநாடகத்தை எழுதிய ஏரியல் டோர்ஃப்மன் எந்த நாட்டை மனத்தில் வைத்திருந்தார் என்பதில் ஐயமில்லை. 1973 செப்டம்பர் 11 அன்று சிலியில் சால்வடோர் அயெந்தேயின் அரசை ராணுவம் கவிழ்த்தது. அந்த அரசில் பண்பாட்டு ஆலோசகராகப் பணியாற்றிய டோர்ஃப்மன் நாட்டைவிட்டு வெளியேற நேர்ந்தது. 1974இல் முறைப்படி நிறுவப்பட்ட 'டினா' என்ற ரகசியக் காவல் அமைப்பு, மக்களைத் தெருவிலிருந்தும் வீடுகளிலிருந்தும் கடத்திச் சென்றது. சாந்தியாகோ நகரின் வில்லா கிரிமால்டியில் மட்டும் சுமார் 4,500 பேர் அடைக்கப்பட்டனர். கண்கட்டு அங்கே அன்றாட விதி. வேறொரு வதைமுகாமில் உரத்த இசை இடைவிடாது ஒலித்ததால் அதற்கு 'டிஸ்கோ' என்றே பெயர் வந்தது. கைதி இன்னும் எவ்வளவு தாங்குவார் என்று சொல்வதற்கு மருத்துவர்களும் பயன்படுத்தப்பட்டனர். குற்றம் சாட்டப்படும் ரொபெர்த்தோ மிராண்டா ஒரு மருத்துவர் என்பது வெறும் கற்பனையில் பிறந்ததன்று.

1988 வாக்கெடுப்பில் பினோசே தோற்றார். 1990 மார்ச்சில் பத்ரீசியோ அயில்வின் அதிபரானார். ஆனால் பினோசே 1998 வரை ராணுவத் தலைமைத் தளபதியாகவே நீடித்தார். 1978இல் ராணுவ அரசு தனக்குத் தானே வழங்கிக்கொண்ட பொதுமன்னிப்பும் செல்லுபடியாகவே இருந்தது. துப்பாக்கி இன்னும் மேசைமேல் கிடக்க, அதைச் சுற்றி அமர்ந்து பேசப்பட்ட ஜனநாயகம் அது. அந்த நெருக்கடியில் அயில்வின் ஓர் உண்மை ஆணையத்தை அமைத்தார். ரெட்டிக் ஆணையம் எனப்பட்ட அது, 1991 பிப்ரவரியில் அளித்த அறிக்கையில் 2,279 பேரைப் பலியானவர்களாகப் பதிவுசெய்தது. அது பெரும் பணி, மறுப்பதற்கில்லை. ஆனால் கொல்லப்பட்டோரும் காணாமலாக்கப்பட்டோரும் மட்டுமே அதன் வரம்புக்குள் வந்தனர். சித்திரவதைக்குப் பின் உயிரோடு திரும்பியவர்களுக்கு அதன் பட்டியலில் இடமில்லை.

டோர்ஃப்மன் அந்த வெற்றிடத்தில்தான் நாடகத்தை நிறுத்தினார். பவுலீனாவின் கணவன் ஜெரார்டோ அப்படியோர் ஆணையத்தில் பொறுப்பேற்கவிருக்கும் வழக்கறிஞன். வதையின் உச்சத்திலும் அவள் அவனது பெயரைச் சொல்லவில்லை. அவள் காத்த பெயரால் உயிர்பிழைத்தவன் அமரப்போகும் சபையிலோ அவளுடைய பெயர் ஒலிக்காது. 'நீ இறந்திருந்தால் உன்னைக் கேட்டிருப்போம்' என்று அரசு அவளிடம் சொல்லாமல் சொல்கிறது. படத்தின் நாற்காலியும் கயிறும் துப்பாக்கியும் இந்த அநீதிக்கான எதிர்வினைகள். அவை நீதியாகிவிடா என்பதும் படத்துக்குத் தெரியும். கட்டப்பட்டவர் நிரபராதியாக இருந்துவிட்டால்? அந்த அச்சமே நம்மை இருக்கையின் விளிம்பில் வைத்திருக்கிறது.

நாடகம் 1991 மார்ச்சில் சாந்தியாகோவில் அரங்கேறியபோது பெரிய வரவேற்பைப் பெறவில்லை. அதே ஆண்டு லண்டனிலும், அடுத்த ஆண்டு பிராட்வேயிலும் அது கொண்டாடப்பட்டது. தொலைவில் இருப்பவர்களுக்கு அது ஒரு கதை. சாந்தியாகோவின் பார்வையாளருக்கோ அடுத்த இருக்கையில் இருப்பவர் யார் என்ற கேள்வி.

நாடகத்தில் பவுலீனா தன் கதையில் வேண்டுமென்றே சிறு பிழைகளைச் செய்து சொல்கிறாள். மருத்துவரின் வாக்குமூலத்தில் அவை திருத்தப்பட்டு வருகின்றன. ஆயினும் டோர்ஃப்மன் ஐயத்தை முழுமையாக நீக்கவில்லை. பொலான்ஸ்கியோ மலைவிளிம்பில் மிராண்டாவை வாய்திறந்து பேசவைக்கிறார். தான் செய்ததை ரசித்ததாகவும் அவர் ஒப்புக்கொள்கிறார். திகில் படத்துக்கு இது முடிச்சை அவிழ்க்கும் தருணம். வரலாற்றின் பக்கமிருந்து பார்த்தால் இதுவே படத்தின் ஆகப்பெரிய கற்பனை. அத்தகைய ஒப்புதல் அந்நாட்டின் பவுலீனாக்களில் மிகப் பெரும்பாலோருக்குக் கிடைக்கவே இல்லை.

இயக்குநரைப் பற்றிப் பேசாமலும் கடந்துவிட முடியாது. கிராகோவ் கெட்டோவிலிருந்து சிறுவனாகத் தப்பியவர் பொலான்ஸ்கி; அவருடைய தாய் ஆஷ்விட்ஸில் மாண்டார். அதே பொலான்ஸ்கி 1977இல் அமெரிக்காவில் 13 வயதுச் சிறுமியுடன் சட்டவிரோதப் பாலுறவு கொண்டதாகக் குற்றத்தை ஒப்புக்கொண்டு, தண்டனை அறிவிக்கப்படுமுன் 1978இல் நாட்டைவிட்டு ஓடியவர். பவுலீனாவின் குரலை நம்முன் வைக்கும் கை எது என்ற உறுத்தல் இல்லாமல் இப்படத்தை நான் பார்த்ததில்லை. அந்த உறுத்தல் வேண்டியதுதான் என்றும் நினைக்கிறேன்.

வரலாறு படத்தைப் பின்தொடர்ந்து மெதுவாகவே வந்தது. ஆயர் செர்ஹியோ வலெச் தலைமையிலான ஆணையம் 2004 நவம்பரில் உயிர்பிழைத்தோரின் சாட்சியங்களை முதன்முறையாக அரசின் பெயரால் பதிவுசெய்தது. 2011இல் முடிந்த இரண்டாம் கட்டத்தையும் சேர்த்தால் 38,254 பேர் அரசியல் கைதிகளாகவும் சித்திரவதைக்கு ஆளானவர்களாகவும் ஏற்கப்பட்டனர். முதல் கட்டத்தில் பேசிய பெண்கள் 3,399 பேர். அவர்களில் ஏறத்தாழ அனைவரும் பாலியல் வன்முறையைக் குறிப்பிட்டனர். அவர்களுக்கு ஓய்வூதியம் கிடைத்தது, அங்கீகாரமும் கிடைத்தது. ஆனால் சாட்சியங்களை 50 ஆண்டுகளுக்கு ரகசியமாக வைக்க 2004ஆம் ஆண்டுச் சட்டம் வகைசெய்தது. கேட்கப்பட்டது, பூட்டவும் பட்டது.

1975இல் தாய் ஆஞ்செலா ஹேரியாவுடன் வில்லா கிரிமால்டியில் அடைக்கப்பட்ட மிஷேல் பசெலெட் 2006இல் நாட்டின் அதிபரானார். அந்த முகாமின் தலைவர்களில் ஒருவராக இருந்த மார்செலோ மோரென் பிரித்தோ, பின்னாளில் அவர்கள் வாழ்ந்த அதே அடுக்குமாடிக் கட்டடத்தில் குடியிருந்தார். லிஃப்ட்டில் அவரை எதிர்கொள்ள நேர்ந்தது.

படத்தின் இறுதியில் ஓர் இசையரங்கு. ஷூபர்ட்டின் நால்வர் இசை தொடங்குகிறது. கீழே பவுலீனாவும் கணவனும். மேல்மாடத்தில் குடும்பத்துடன் மிராண்டா. பார்வைகள் ஒருகணம் சந்தித்து விலகுகின்றன. மன்னிப்போ பழிவாங்கலோ இல்லை. ஒரே கூரையின்கீழ் அமர்ந்திருக்கிறார்கள். சிலி நாட்டு மக்கள் பல்லாண்டுகள் ஏறி இறங்கிய லிஃப்ட் அதுவே.